ராஜாவின் பூட்டிய பெட்டியில் இருந்த கூட்டணி: உலகப் போர்களும் மறைத்து வைத்த வாக்குறுதிகளும்

1914 ஆகஸ்ட் 3. ருமேனியாவில் சினாயா என்ற மலை ஊர். அங்கே பெலெஷ் அரண்மனையில் மன்னர் முதலாம் கரோல் ஒரு அவசரக் கூட்டம் கூட்டியிருந்தார். அமைச்சர்கள், எதிர்க்கட்சித் தலைவர்கள், பழைய பிரதமர்கள் எல்லோரும் உட்கார்ந்திருந்தார்கள். ஐரோப்பாவில் போர் மூண்டு ஒரு வாரம்கூட ஆகவில்லை. மன்னர் எழுந்து, நாம் ஜெர்மனி, ஆஸ்திரியா-ஹங்கேரி பக்கம் போரில் இறங்கியாக வேண்டும், அப்படி எழுதிக் கொடுத்திருக்கிறோம் என்றார். 1883லேயே கையெழுத்தான ஒப்பந்தம் அது. 31 வருடமாக நாடாளுமன்றத்துக்கு அதைப் பற்றி ஒரு வார்த்தை சொல்லவில்லை. மன்னருக்குத் தெரியும், அவ்வப்போது பதவியில் இருந்த ஒருசில பிரதமர்களுக்கும் வெளியுறவு அமைச்சர்களுக்கும் தெரியும், அவ்வளவுதான்.

கரோல் பிறப்பால் ஜெர்மானியர், ஹோகன்சோலர்ன் குடும்பம். கொடுத்த வாக்கை மீறக்கூடாது என்று கெஞ்சாத குறையாகப் பேசினார். அந்த அறையில் அவர் பக்கம் நின்றது ஒரே ஒரு ஆள், பேத்ரே கார்ப் என்ற பழைய பிரதமர். மற்றவர்கள் ஒப்புக்கொள்ளவில்லை. டிரான்சில்வேனியாவில் லட்சக்கணக்கான ருமேனியர்கள் ஹங்கேரியின் ஆட்சியில் இருக்கும்போது அந்த ஹங்கேரிக்காக நம் பிள்ளைகளை எப்படி அனுப்புவது என்பது அவர்கள் மனதில் இருந்தது. போதாததற்கு, கூட்டணியின் இன்னொரு உறுப்பினரான இத்தாலியும் ஒதுங்கிக்கொண்டது என்ற செய்தி வந்து சேர்ந்திருந்தது. ருமேனியா நடுநிலை என்று முடிவானது. அக்டோபர் 10ஆம் தேதி மன்னர் இறந்தே போனார். அப்புறம் 1916 ஆகஸ்டில் ருமேனியா போரில் இறங்கியது, எதிர்ப் பக்கத்தில்! டிரான்சில்வேனியாவைத் தருகிறோம் என்று பிரிட்டன், பிரான்ஸ், ரஷ்யா, இத்தாலி எழுதிக் கொடுத்த இன்னொரு ரகசிய ஒப்பந்தத்தை நம்பி.

முதல் உலகப் போர் என்றால் நமக்குப் பள்ளிக்கூடத்தில் சொல்லித் தந்தது வேறு மாதிரி. பாடப்புத்தகத்தில் ஒரு பக்கம் மூவர் கூட்டு (ஜெர்மனி, ஆஸ்திரியா-ஹங்கேரி, இத்தாலி), மறுபக்கம் மூவர் நட்புறவு (பிரிட்டன், பிரான்ஸ், ரஷ்யா), நடுவில் சரயேவோவில் ஆஸ்திரிய இளவரசர்மேல் ஒரு துப்பாக்கிச் சூடு. ஒருவர் பின்னால் ஒருவராக எல்லோரும் இழுத்துச் செல்லப்பட்டார்கள் என்று எழுதினால் ஐந்து மார்க் கிடைக்கும். நானும் அப்படித்தான் எழுதி மார்க் வாங்கினேன். பிற்பாடு அந்த ஒப்பந்தங்களின் வாசகங்களை ஒவ்வொன்றாகத் தேடிப் படித்தபோதுதான், அந்தப் படம் எவ்வளவு தவறு என்று புரிந்தது. வெளியே தெரிந்த கூட்டணிகள் பல, தேவையான நாளில் நடக்கவே இல்லை. போரை விரித்தது, அதைவிட முக்கியமாகப் போருக்குப் பின்னால் உலகத்தைக் குலைத்தது, கதவைச் சாத்திக்கொண்டு சில பேர் எழுதிக் கொடுத்த வாக்குறுதிகள். எந்த மக்களின் உயிரை வைத்து எழுதினார்களோ அவர்களுக்கு அது தெரியாது. இந்தக் கட்டுரை அதைப் பற்றித்தான்.

முதலில் கூட்டணிகள் ஏன் முளைத்தன என்று பார்த்துவிடலாம். 1871இல் ஜெர்மனி பிரான்ஸைத் தோற்கடித்து, வெர்சாய் அரண்மனையின் கண்ணாடி மண்டபத்திலேயே தன் பேரரசை அறிவித்தது. அல்சாஸையும் லொரைனின் ஒரு பகுதியையும் எடுத்துக்கொண்டது, 500 கோடி பிராங்க் அபராதமும் போட்டது. பிரான்ஸ் இதை மறக்காது என்று ஜெர்மனியின் தலைமை அமைச்சர் பிஸ்மார்க்குக்கு நன்றாகத் தெரியும். பிரான்ஸுக்குத் துணை கிடைக்காமல் பார்த்துக்கொள்வதே அவர் வேலையாக இருந்தது. 1879இல் ஆஸ்திரியா-ஹங்கேரியோடு ஒப்பந்தம், 1882இல் இத்தாலியையும் சேர்த்து மூவர் கூட்டு. அந்த ஆஸ்திரியாவுக்கு ஆகாத ரஷ்யாவோடும் 1887இல் தனியாக ஒரு ரகசிய ஒப்பந்தம். ஆஸ்திரியாவுக்கு இது தெரியாது. 1890இல் இளைய ஜெர்மன் பேரரசர் (கெய்சர்) இரண்டாம் வில்ஹெல்ம் பிஸ்மார்க்கை வீட்டுக்கு அனுப்பினார், ரஷ்ய ஒப்பந்தத்தைப் புதுப்பிக்காமல் விட்டார். தனியாக நின்ற ரஷ்யா, தனியாக நின்ற பிரான்ஸோடு சேர்ந்தது. 1892இல் இரு நாட்டுத் தளபதிகளும் ராணுவ உடன்பாட்டில் கையெழுத்துப் போட்டார்கள், 1894 தொடக்கத்தில் அது உறுதியானது. பிரான்ஸ் 13 லட்சம் வீரர்களை, ரஷ்யா 7 முதல் 8 லட்சம் வீரர்களை ஜெர்மனிக்கு எதிராக நிறுத்த வேண்டும் என்று எண்ணிக்கைகூடப் போட்டிருந்தார்கள். கடைசிப் பிரிவு சொல்வது ஒன்றுதான்: மேலே சொன்ன எல்லாவற்றையும் கண்டிப்பாக ரகசியமாக வைக்க வேண்டும்.

குடியரசான பிரான்ஸில், ஓட்டுப் போட்டு ஆட்சியைத் தேர்ந்தெடுத்த மக்கள், எந்த நிலையில் தாங்கள் போருக்குப் போக வேண்டியிருக்கும் என்று தெரியாமலேயே இருபது வருடம் இருந்தார்கள். கூட்டணி இருக்கிறது என்பது ஊருக்கே தெரியும், ஜார் மன்னரின் வருகைக்குக் கொடி பிடித்தார்கள், ரஷ்யக் கடன்பத்திரங்களைத் தங்கள் சேமிப்பைப் போட்டு வாங்கினார்கள். ஒப்பந்தத்தில் என்ன எழுதியிருக்கிறது என்பது மட்டும் தெரியாது. (1918இல், ரஷ்யாவில் ஆட்சியைப் பிடித்த கம்யூனிஸ்டுகளான போல்ஷ்விக்குகள் ஜார் காலத்துக் கடன்களைச் செல்லாது என்று அறிவித்தபோது அந்தச் சேமிப்பும் போய்விட்டது. பிரெஞ்சுக் குடும்பங்களில் அந்தப் பத்திரங்கள் தலைமுறை தலைமுறையாகப் பரணில் கிடந்தன.)

இத்தாலியின் கதை இன்னும் வேடிக்கையானது, வேதனையானதும்கூட. 1902இல் மூவர் கூட்டைப் புதுப்பித்தது. அதே ஆண்டில் பிரான்ஸோடு கடிதம் பரிமாறிக்கொண்டு, உன்மேல் யாராவது படையெடுத்தால் நான் நடுநிலை வகிப்பேன் என்று எழுதிக் கொடுத்தது. பெர்லினுக்கு இது தெரியாது. ஆகவே 1914இல் இத்தாலி திடீரென்று கட்சி மாறிவிட்டது என்று சொல்வது சரியல்ல, பன்னிரண்டு வருடத்துக்கு முன்பே ஒரு காலை வெளியே வைத்துவிட்டது.

பிரிட்டன் விஷயத்தில்தான் நான் அதிக நேரம் நிற்க வேண்டும். ஏனென்றால் ஐரோப்பாவின் இந்த இரண்டு கூட்டணிகளிலும் பிரிட்டன் இல்லை! 1904இல் பிரான்ஸோடு செய்துகொண்டது காலனித் தகராறுகளைத் தீர்க்கும் ஒப்பந்தம். எகிப்து பிரிட்டனுக்கு, மொராக்கோ பிரான்ஸுக்கு என்ற வகை. அதிலும் சில ரகசியப் பிரிவுகள் இருந்தன, 1911இல்தான் வெளியே வந்தன. 1907இல் ரஷ்யாவோடு செய்தது பாரசீகம், ஆப்கானிஸ்தான், திபெத் பற்றியது. போர் வந்தால் உதவிக்கு வருவேன் என்று இரண்டிலும் ஒரு வரி கிடையாது. ஆனால் 1906 ஜனவரியிலிருந்து பிரிட்டிஷ், பிரெஞ்சு ராணுவ அதிகாரிகள் உட்கார்ந்து, எந்தத் துறைமுகத்தில் படையை இறக்குவது, எந்த ரயிலில் ஏற்றுவது என்று பேசிக்கொண்டிருந்தார்கள். அனுமதி கொடுத்தவர் வெளியுறவு அமைச்சர் எட்வர்ட் கிரே. அமைச்சரவையில் பெரும்பாலானோருக்கு 1911 வரைக்கும் இது தெரியாது. தெரிந்ததும் சண்டை போட்டார்கள். அதன் விளைவாக 1912 நவம்பரில் கிரேயும் பிரெஞ்சுத் தூதர் போல் காம்போனும் கடிதங்கள் எழுதிக்கொண்டார்கள்: இந்தப் பேச்சுகள் எந்த அரசையும் கட்டுப்படுத்தாது.

காகிதத்தில் கட்டுப்படுத்தாது, சரி. ஆனால் கடலில் என்ன நடந்தது என்று பாருங்கள். பிரான்ஸ் தன் போர்க்கப்பல்களை மத்தியதரைக் கடலில் குவித்தது, பிரிட்டன் வட கடலில் குவித்தது. பிரான்ஸின் வடக்குக் கரை வெறிச்சோடிக் கிடந்தது. 1914 ஆகஸ்ட் முதல் வாரத்தில் காம்போன் லண்டனில் கேட்டது இதைத்தான்: உங்களை நம்பித்தானே எங்கள் கரையைத் திறந்து போட்டோம்? ஆகஸ்ட் 2ஆம் தேதி அமைச்சரவை அந்தக் கரையைக் காப்பதாக ஒப்புக்கொண்டது. மறுநாள் கிரே நாடாளுமன்றத்தில் எழுந்து, நம் கைகள் கட்டப்படவில்லை, நீங்கள் சுதந்திரமாக முடிவு செய்யலாம் என்றார். ஜான் மோர்லி, ஜான் பர்ன்ஸ் என்ற இரு அமைச்சர்கள் பதவியை விட்டு விலகினார்கள். ஜெர்மனி பெல்ஜியத்துக்குள் நுழைந்தது மற்றவர்களின் தயக்கத்தைத் தீர்த்துவிட்டது. பெல்ஜியத்தின் நடுநிலையைக் காப்போம் என்ற 1839 ஒப்பந்தம் எல்லோருக்கும் தெரிந்த பகிரங்கமான ஒப்பந்தம், அதற்காகப் போரிடுகிறோம் என்று மக்களிடம் வெளிப்படையாகச் சொல்ல முடிந்தது. சாதாரண ஆங்கிலேயன் படையில் சேர்ந்தது அந்த ஒப்பந்தத்துக்காக. அமைச்சர்களைப் பல வருடமாகத் தள்ளிக்கொண்டு வந்தது மறைவாக நடந்த அந்த ராணுவப் பேச்சு.

கூட்டணிச் சங்கிலி தானாக இழுத்தது என்பவர்களுக்கு இன்னும் இரண்டு தகவல். ரஷ்யாவுக்கும் செர்பியாவுக்கும் இடையில் எந்தக் கூட்டணி ஒப்பந்தமும் இல்லை, இருந்தும் ரஷ்யா செர்பியாவுக்காகப் படையைத் திரட்டியது. ஆஸ்திரியாவுக்குத் துணையாக என்று ஜெர்மனி ரஷ்யாமேல் போர் அறிவித்தது ஆகஸ்ட் 1. அந்த ஆஸ்திரியா ரஷ்யாமேல் போர் அறிவித்தது ஆகஸ்ட் 6. யாருக்காகத் தொடங்கியதோ அவர் ஐந்து நாள் கழித்துத்தான் வந்தார். ஒவ்வொரு தலைநகரத்திலும் சில மனிதர்கள் உட்கார்ந்து, போகலாம் என்று முடிவெடுத்தார்கள். ஒப்பந்தம் அவர்களுக்கு ஒரு காரணமாக உதவியது, அவர்களைக் கட்டி இழுக்கவில்லை.

போர் ஆரம்பித்த பிறகுதான் பேரம் சூடு பிடித்தது. ஆகஸ்ட் 2ஆம் தேதி, இஸ்தான்புல் அருகே யெனிகோயில் தலைமை அமைச்சர் சையத் ஹலீம் பாஷாவின் வீட்டில் வைத்து, ஒட்டோமான் பேரரசு ஜெர்மனியோடு ரகசிய ஒப்பந்தம் செய்துகொண்டது. உடன் இருந்த அமைச்சர்களில் பலருக்கே தெரியாது. அக்டோபர் கடைசியில் ஜெர்மானிய அட்மிரலின் தலைமையில் ஒட்டோமான் கொடி ஏற்றிய கப்பல்கள் கருங்கடலில் ரஷ்யத் துறைமுகங்களைச் சுட்டபோதுதான் அந்த நாட்டு மக்கள் தாங்கள் போரில் இருப்பதைத் தெரிந்துகொண்டார்கள்.

1915 மார்ச், ஏப்ரலில் பிரிட்டனும் பிரான்ஸும் கான்ஸ்டான்டிநோபிளையும் ஜலசந்திகளையும் ரஷ்யாவுக்குத் தருவதாக எழுதிக் கொடுத்தன. ஏப்ரல் 26இல் லண்டனில் இத்தாலிக்கு: டிரென்டினோ, பிரென்னர் கணவாய் வரை தெற்கு டிரோல், டிரியெஸ்ட், இஸ்திரியா, வடக்கு டால்மேஷியா. பதிலுக்கு ஒரு மாதத்துக்குள் போருக்கு வர வேண்டும். மே 23இல் இத்தாலி தன் பழைய கூட்டாளி ஆஸ்திரியாமேல் போர் அறிவித்தது. ஐசோன்சோ ஆற்றங்கரையில் பதினோரு முறை தாக்குதல் நடத்தினார்கள், சுண்ணாம்புக் கல் பூமி, அகழி வெட்டக்கூட மண் கிடையாது, குண்டு விழுந்தால் பாறைச் சில்லுகளே ஆட்களைக் கொன்றன. போர் முடிவதற்குள் இத்தாலிக்கு ஏறக்குறைய ஆறு லட்சம் வீரர்கள் பலி. சிசிலியிலிருந்தோ கலாப்ரியாவிலிருந்தோ வந்த ஒரு விவசாயி, டால்மேஷியா என்றால் எந்தத் திசை என்றுகூடத் தெரியாமல், தன் அரசாங்கம் அதற்குக் கையெழுத்துப் போட்டிருப்பதும் தெரியாமல் அங்கே செத்தான். இதைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு மனசு ஆறுவதில்லை.

1915 டிசம்பரில் மார்க் சைக்ஸ் என்ற பிரிட்டிஷ் நாடாளுமன்ற உறுப்பினர் லண்டன் அமைச்சர்கள்முன் வரைபடத்தில் விரல் வைத்து, ஒட்டோமான் பேரரசின் அரபுப் பகுதிகளைப் பிரிக்க, ஏக்கர் என்ற கடற்கரை ஊர்ப் பெயரின் கடைசி எழுத்திலிருந்து கிர்குக்கின் கடைசி எழுத்து வரை ஒரு கோடு போடலாம் என்று சொன்னார். வரைபடத்தில் அச்சடித்த எழுத்துகளை வைத்து ஒரு கோடு! அடுத்த ஆண்டு மே மாதம் அது சைக்ஸ்-பிக்கோ ஒப்பந்தமானது, வடக்கே பிரான்ஸ், தெற்கே பிரிட்டன். அதற்கு முன்பே, 1915 அக்டோபரில், கெய்ரோவிலிருந்து பிரிட்டிஷ் அதிகாரி மக்மகன், மெக்காவின் ஷெரீப் ஹுசைனுக்கு அரபு நாடுகளின் சுதந்திரத்தை ஆதரிப்போம் என்று எழுதியிருந்தார், சில பகுதிகள் நீங்கலாக என்ற மழுப்பலோடு. அதை நம்பி 1916 ஜூனில் ஹுசைன் கிளர்ச்சியைத் தொடங்கினார். 1917 நவம்பர் 2இல் பிரிட்டிஷ் வெளியுறவு அமைச்சர் பால்ஃபரின் கடிதம், பாலஸ்தீனத்தில் யூதர்களுக்குத் தாயகம் என்றது. இது பகிரங்கமானது. ஆனால் ஒரே நிலத்தைச் சுற்றி இரண்டு வருடத்தில் மூன்று வாக்குறுதி. இதன் பலனை இன்றைக்கும் செய்தியில் பார்த்துக்கொண்டிருக்கிறோம், நான் விளக்க வேண்டியதில்லை.

கிழக்கே நடந்தது நம் ஊர்வரைக்கும் வந்த கதை. சீனாவின் ஷான்டுங் மாகாணத்தில் சிங்டாவ் ஜெர்மனியின் கடற்படைத் தளம். அங்கிருந்து 1914 ஜூலை கடைசியில் கிளம்பிய ஒரு கப்பல்தான் எம்டன். செப்டம்பர் 22 இரவு சென்னைக் கடலுக்கு வந்து, பர்மா ஆயில் கம்பெனியின் எண்ணெய்த் தொட்டிகள்மேல் சுமார் 130 குண்டு போட்டது. தொட்டிகள் எரிந்தன, ஐந்து பேராவது இறந்தார்கள். பயந்து ஆயிரக்கணக்கான பேர் பட்டணத்தை விட்டுப் போனார்கள். உயர் நீதிமன்ற மதில் பக்கம் இன்றும் அந்தக் கல்வெட்டு இருக்கிறது, பலே ஆளை "எம்டன்" என்று சொல்வதும் நம் பேச்சில் இருக்கிறது. எந்த ஒப்பந்தத்திலும் சென்னை கையெழுத்துப் போடவில்லை, இந்தியாவிடம் யாரும் கேட்கவும் இல்லை. பிரிட்டன் போரில் இறங்கியதால் நாமும் இறங்கியதாக அர்த்தம், அவ்வளவே.

எம்டனின் தாய்த்துறைமுகம் என்ன ஆனது? பிரிட்டனோடு 1902இல் ஜப்பான் செய்துகொண்ட கூட்டணியைக் காட்டி, ஆகஸ்ட் 23இல் ஜப்பான் ஜெர்மனிமேல் போர் அறிவித்து, நவம்பர் 7இல் சிங்டாவைப் பிடித்தது. இரண்டு நாள் கழித்து, நவம்பர் 9இல், கோகோஸ் தீவுகள் அருகே ஆஸ்திரேலியக் கப்பல் சிட்னி எம்டனை நொறுக்கியது. 1917 தொடக்கத்தில் பிரிட்டனுக்கு மத்தியதரைக் கடலில் ஜப்பானிய நாசகாரிக் கப்பல்களின் உதவி தேவைப்பட்டது. பதிலுக்கு, ஷான்டுங்கில் ஜெர்மனிக்கு இருந்த உரிமைகள் ஜப்பானுக்கே என்று சமாதான மாநாட்டில் ஆதரிப்போம் என ரகசியமாக எழுதிக் கொடுத்தது. பிரான்ஸும் கொடுத்தது.

அதே 1917 ஆகஸ்டில் சீனாவும் நேச நாடுகள் பக்கம் போரில் சேர்ந்தது! அதற்கு முன்பிருந்தே சீனத் தொழிலாளர்கள் பிரான்ஸுக்கு வந்துகொண்டிருந்தார்கள். மொத்தம் சுமார் 1,40,000 பேர். அகழி வெட்டினார்கள், குண்டு சுமந்தார்கள், பிணம் புதைத்தார்கள். அவர்களில் பெரும்பாலானோர் எந்த மாகாணத்திலிருந்து ஆள் எடுக்கப்பட்டவர்கள் தெரியுமா? ஷான்டுங். யாருடைய சொந்த மண் விற்கப்பட்டதோ அவர்களே அதை வாங்கியவர்களின் வெற்றிக்காக மண் வெட்டினார்கள். 1919இல் பாரிஸ் மாநாட்டில் சீனப் பிரதிநிதி வெலிங்டன் கூ அருமையாக வாதாடினார். எதிர்த் தரப்பு எடுத்துக் காட்டியது ரகசியக் காகிதங்களை. சீன அரசே 1918 செப்டம்பரில் ஜப்பானோடு கடன் பேச்சின்போது ஷான்டுங் ஏற்பாட்டுக்குச் சந்தோஷமாக ஒப்புக்கொள்கிறோம் என்று எழுதிக் கொடுத்திருந்ததும் வெளியே வந்தது. மே 4ஆம் தேதி பெய்ஜிங்கில் மூவாயிரம் மாணவர்கள் தெருவுக்கு வந்தார்கள், ஜப்பான் பேரங்களில் முக்கியப் பங்கு வகித்த சாவ் ரூலினின் வீட்டுக்குத் தீ வைத்தார்கள். ஜூன் 28இல் வெர்சாய் ஒப்பந்தத்தில் சீனா கையெழுத்துப் போடவில்லை. மே நான்கு இயக்கத்தில் எழுந்த தலைமுறையிலிருந்துதான் 1921இல் சீனக் கம்யூனிஸ்ட் கட்சி பிறந்தது. மேற்கின் ஜனநாயகப் பேச்சை நம்பியிருந்த இளைஞர்கள் அந்த ஒரு வசந்தகாலத்தில் நம்பிக்கை இழந்தார்கள் என்பது என் கணிப்பு.

இந்தக் காகிதங்கள் எப்படி வெளியே வந்தன? ரஷ்யாவில் ஜார் விழுந்தபின் வந்த தற்காலிக அரசின் வெளியுறவு அமைச்சர் மில்யுகோவ், பழைய ஒப்பந்தங்களை மதிப்போம் என்று நேச நாடுகளுக்குக் குறிப்பு அனுப்பினார். கான்ஸ்டான்டிநோபிளுக்காக இன்னுமா சாக வேண்டும் என்று வீரர்களும் தொழிலாளர்களும் தெருவுக்கு வர, அவர் பதவி போனது. 1917 நவம்பரில் போல்ஷ்விக்குகள் ஆட்சியைப் பிடித்ததும் அவர்களின் வெளியுறவுப் பொறுப்பாளர் டிராட்ஸ்கி வெளியுறவு அலுவலகத்தின் பெட்டிகளை உடைத்து, ஒப்பந்தங்களைப் பத்திரிகையில் அச்சிட ஆரம்பித்தார். சில நாட்களில் மான்செஸ்டர் கார்டியன் அவற்றை இங்கிலாந்து வாசகர்களுக்குத் தந்தது. டிசம்பரில் ஒட்டோமான் தளபதி ஜெமால் பாஷா பெய்ரூட்டில் மேடையேறி, பாருங்கள், உங்களுக்குச் சுதந்திரம் தருவதாகச் சொன்னவர்கள் உங்களைப் பங்கு போட்டிருக்கிறார்கள் என்று அரபுகளிடம் சொன்னார்.

அமெரிக்க அதிபர் உட்ரோ வில்சன் 1918 ஜனவரி 8இல் அறிவித்த பதினான்கு அம்சங்களில் முதலாவதே இதுதான்: ஒப்பந்தங்கள் பகிரங்கமாக இருக்க வேண்டும், பகிரங்கமாகவே பேசி முடிக்கப்பட வேண்டும். போருக்குப் பின் அமைந்த பன்னாட்டுச் சங்கத்தின் சாசனத்தில் 18ஆவது பிரிவு, எந்த ஒப்பந்தமும் பதிவு செய்யப்பட்ட பிறகே கட்டுப்படுத்தும் என்றது. நல்ல சட்டம். ஆனால் அதை எழுதிய அதே பாரிஸில் மூடிய அறைக்குள் நான்கு பேர் உலகத்தைப் பங்கு போட்டுக்கொண்டிருந்தார்கள். டால்மேஷியா கிடைக்காது என்றதும் இத்தாலியப் பிரதமர் ஒர்லாண்டோ மாநாட்டை விட்டு வெளியேறினார். வென்றும் ஏமாந்தோம் என்ற கோபம் இத்தாலி முழுக்கப் பரவியது, அந்தக் கோபத்தின்மேல் ஏறித்தான் 1922 அக்டோபரில் முசோலினி ஆட்சிக்கு வந்தார்.

இரண்டாம் உலகப் போருக்கு வருவோம். 1938இல் செக்கோஸ்லோவாக்கியாவுக்குப் பிரான்ஸோடும் சோவியத்தோடும் பகிரங்கமான ஒப்பந்தங்கள் இருந்தன. மியூனிக்கில் நான்கு நாட்டுத் தலைவர்கள் அதன் எல்லையை வெட்டியபோது அந்த நாட்டுப் பிரதிநிதிகளை அறைக்குள் விடவே இல்லை. பகிரங்கமாக இருந்தால் மட்டும் போதாது என்பதற்கு இது போதும்.

1939 ஆகஸ்ட் 23 நள்ளிரவுக்குப் பின் மாஸ்கோவில் சோவியத் வெளியுறவு அமைச்சர் மோலட்டோவும் ஜெர்மன் வெளியுறவு அமைச்சர் ரிப்பன்ட்ராப்பும் கையெழுத்திட்ட போர் தவிர்ப்பு ஒப்பந்தத்தோடு ஒரு ரகசிய இணைப்பும் இருந்தது. போலந்தை நாரெவ், விஸ்துலா, சான் நதிகளின் வழியாக இரண்டாகப் பிரிக்கும் கோடு. பின்லாந்து, எஸ்டோனியா, லாட்வியா சோவியத்துக்கு, லிதுவேனியா முதலில் ஜெர்மனிக்கு, ஒரு மாதம் கழித்து அதுவும் சோவியத்துக்கு. 22 வருடத்துக்கு முன் ஜாரின் பெட்டிகளை உடைத்துக் காட்டிய அதே அரசு.

இரண்டு நாள் கழித்து லண்டனில் பிரிட்டனும் போலந்தும் செய்த உதவி ஒப்பந்தத்தில், ஏதேனும் ஓர் ஐரோப்பிய வல்லரசு தாக்கினால் உதவுவோம் என்று இருந்தது. அதிலும் ஒரு ரகசிய இணைப்பு, ஐரோப்பிய வல்லரசு என்றால் ஜெர்மனி என்று பொருள். செப்டம்பர் 17இல் செம்படை கிழக்கிலிருந்து நுழைந்தபோது, பிரிட்டன் ஏன் சோவியத்மேல் போர் அறிவிக்கவில்லை என்ற கேள்விக்கு ஒரு பதில் அந்த ஒரு வரியில் இருக்கிறது. போலந்து வீரனுக்கு அந்த வரி தெரியாது.

ஜெர்மனி, இத்தாலி, ஜப்பான் மூன்றையும் அச்சு நாடுகள் என்று பெரிதாகச் சொல்கிறோமே, கூட்டணியாகப் பார்த்தால் அது மிக பலவீனமானது. 1939 மே மாதம் ஜெர்மனியோடு எஃகு ஒப்பந்தம் என்ற ராணுவக் கூட்டணி போட்ட முசோலினி, ஆகஸ்டில் போர் என்றதும் ஜெர்மனியால் தரவே முடியாத அளவுக்கு ஒரு பொருள் பட்டியல் அனுப்பி ஒதுங்கிக்கொண்டார். 1940 அக்டோபரில் ஹிட்லரிடம் முன்கூட்டிச் சொல்லாமல் கிரேக்கத்துக்குள் நுழைந்தார். அமெரிக்காவின் பேர்ல் ஹார்பரைத் தாக்கும் தேதியை ஜப்பான் ஜெர்மனியிடம் சொல்லவில்லை. 1941 ஏப்ரலில் ஜப்பான் சோவியத்தோடு நடுநிலை ஒப்பந்தம் போட்டிருந்ததால், ஹிட்லர் ரஷ்யாவைத் தாக்கியபோது கிழக்கிலிருந்து கை கொடுக்கவும் இல்லை. எதிர்ப் பக்கத்தில் பிரிட்டனும் அமெரிக்காவும் கூட்டுத் தளபதிகள் குழு வைத்து ஒரே திட்டத்தில் போரிட்டன. அமெரிக்கா கடனுதவித் திட்டத்தில் சுமார் 5,000 கோடி டாலர் மதிப்புள்ள பொருள்களைக் கூட்டாளிகளுக்கு அனுப்பியது, அதில் சுமார் 1,100 கோடி சோவியத்துக்கு. வெற்றிக்கு இது பெரிய காரணம்.

ஆனால் ஜெயிக்கப் போகிறோம் என்று தெரிந்ததும் பழைய பழக்கம் திரும்ப வந்தது. 1944 அக்டோபர் 9 இரவு, கிரெம்ளினில், சர்ச்சில் ஒரு அரைத் தாளில் எழுதி ஸ்டாலின் பக்கம் தள்ளினார்: ருமேனியாவில் ரஷ்யாவுக்கு 90 சதவீதம், கிரேக்கத்தில் பிரிட்டனுக்கு 90, யூகோஸ்லாவியாவும் ஹங்கேரியும் 50-50, பல்கேரியாவில் ரஷ்யாவுக்கு 75. ஸ்டாலின் நீல பென்சிலால் ஒரு டிக் போட்டுத் திருப்பித் தள்ளினார். இத்தனை லட்சம் பேரின் விதியை இப்படி முடித்தது தப்பாகத் தெரியாதா, தாளை எரித்துவிடலாமா என்று சர்ச்சில் கேட்க, வேண்டாம், நீங்களே வைத்துக்கொள்ளுங்கள் என்றாராம் ஸ்டாலின். இதைச் சர்ச்சிலே பின்னால் எழுதினார். இரண்டு மாதத்தில் ஏதென்ஸ் தெருக்களில் பிரிட்டிஷ் படை கிரேக்க இடதுசாரிப் போராளிகளோடு சண்டை போட்டபோது ஸ்டாலின் வாயே திறக்கவில்லை.

1945 பிப்ரவரியில் ரூஸ்வெல்ட், சர்ச்சில், ஸ்டாலின் மூவரும் கூடிய யால்டாவிலும் அப்படியே. ஜெர்மனி சரணடைந்து இரண்டு மூன்று மாதத்தில் ஜப்பானோடு போருக்கு வந்தால், தெற்கு சகாலினும் குரில் தீவுகளும், மஞ்சூரியத் துறைமுகங்களில் சலுகைகளும் சோவியத்துக்கு. மஞ்சூரியா சீனாவின் மண், சீனாவோ கூட்டாளி நாடு, சியாங் கை-ஷேக்கிடம் அப்போது சொல்லவில்லை. அந்தக் காகிதம் ஒரு வருடம் கழித்துத்தான் வெளியானது. குரில் தகராறு தீராமல், ரஷ்யாவும் ஜப்பானும் இன்றுவரை சமாதான ஒப்பந்தம் போடவில்லை.

அப்புறம் வந்த, அமெரிக்கா தலைமையிலான நேட்டோவும் (1949) சோவியத் தலைமையிலான வார்சா ஒப்பந்தமும் (1955) பகிரங்கமானவை, யார் வேண்டுமானாலும் வாசகத்தைப் படிக்கலாம். ஐ.நா. சாசனத்தின் 102ஆவது பிரிவும் ஒப்பந்தங்களைப் பதிவு செய்யச் சொல்கிறது. இது முன்னேற்றம்தான், நான் குறைத்துச் சொல்ல மாட்டேன். ஒரு உறுப்பினர்மேல் விழும் அடி எல்லோர்மேலும் விழும் அடி என்று எதிரிக்கே தெரியும்படி எழுதி வைப்பதில் ஒரு பலம் உண்டு, 1914இல் பெர்லினில் இருந்தவர்கள் பிரிட்டன் வருமா வராதா என்று கடைசி நாள்வரை ஊகித்துக்கொண்டிருந்த நிலை இங்கே இல்லை. இருந்தாலும் 1962 அக்டோபரில் கியூபா ஏவுகணைச் சிக்கலைத் தீர்க்க, துருக்கியில் அமெரிக்கா நிறுத்தியிருந்த ஜூபிடர் ஏவுகணைகளை எடுத்துவிடுவதாகக் கென்னடி தரப்பு சோவியத்துக்கு ரகசியமாக வாக்குக் கொடுத்தது. நேட்டோ கூட்டாளியான துருக்கியிடம் சொல்லவில்லை. அந்த ஒரு ரகசியம் ஒரு அணுப் போரைத் தவிர்த்தது என்று வாதிடலாம், நானும் அதை மறுக்கவில்லை. மறைத்ததெல்லாம் தீமை என்று ஒரே கோட்டில் முடிக்க முடியாது என்பதால்தான் இதையும் சொல்கிறேன்.

மோலட்டோவ்-ரிப்பன்ட்ராப் ரகசிய இணைப்பு பிற்பாடு என்ன ஆனது என்பதை மட்டும் சொல்லாமல் விட்டுவிட்டேன். 1945இல் ஒரு ஜெர்மன் அதிகாரி புதைத்து வைத்திருந்த மைக்ரோபிலிம் சுருள்களில் அது கிடைத்தது, 1948இல் அமெரிக்கா வெளியிட்டது. மாஸ்கோ, அது பொய், மூலப் பிரதியைக் காட்டு என்றது. நாற்பது வருடத்துக்கு மேலாக அதையே சொன்னது. எஸ்டோனியா, லாட்வியா, லிதுவேனியா மக்கள் தாங்களாக விரும்பி சோவியத்தில் சேர்ந்தார்கள் என்பதுதான் பள்ளிகளில் பாடம். வீட்டில் தாத்தா பாட்டிகள் குரலைத் தாழ்த்தி வேறு கதை சொன்னார்கள்.

1989 ஆகஸ்ட் 23, ஐம்பதாவது ஆண்டு. மாலையில் அந்த மூன்று நாட்டு மக்கள் சாலைக்கு வந்து கைகோத்து நின்றார்கள். தாலினில் தொடங்கி ரீகா வழியாக வில்னியஸ் வரை, அறுநூறு கிலோமீட்டருக்கு மேல், ஏறக்குறைய இருபது லட்சம் பேர். மூன்று நாட்டின் மொத்த மக்கள்தொகையே எண்பது லட்சம்தான். கிழவிகளும் குழந்தையைத் தூக்கிக்கொண்டு வந்த அம்மாக்களும் நெடுஞ்சாலை ஓரத்தில் வரிசையாக நின்று, அந்தக் காகிதம் இருக்கிறது என்று ஒப்புக்கொள்ளுங்கள் என்று கேட்டார்கள். டிசம்பர் 24இல் சோவியத் மக்கள் பிரதிநிதிகள் காங்கிரஸ், ரகசிய இணைப்பு கையெழுத்தானது உண்மை என்றும் அது கையெழுத்தான நாளிலிருந்தே செல்லாது என்றும் தீர்மானம் போட்டது. மூலப் பிரதி கிடைக்கவில்லை என்றே அப்போதும் சொன்னார்கள். 1992இல், சோவியத் ஒன்றியமே போய்விட்ட பிறகு, மாஸ்கோ ஆவணக் காப்பகத்தில் முத்திரை வைத்த ஒரு உறைக்குள் அது இருந்தது.